சாலூம் கடலையும் நாட்டுக்கோழியும்



இன்றைக்கு ஒரு குழம்பைப் பற்றிப் பேசப் போகிறேன். கோழிக்கறியும் வேர்க்கடலையும் சேர்த்து வைக்கிற குழம்பு. மேற்கு ஆப்பிரிக்காவில் செனகல், மாலி, காம்பியா, கானா என்று பல நாடுகளில் வீட்டுக்கு வீடு கொதிக்கிற குழம்பு இது. செனகலிலும் மாலியிலும் இதை மாஃபே என்கிறார்கள். காம்பியாவில் டோமோடா. கானாவில் கொஞ்சம் நீர்க்க வைத்து, கடலை சூப் என்று சொல்கிறார்கள். பக்குவம் ஊருக்கு ஊர் மாறும். ஆனால் வறுத்து விழுதாக அரைத்த கடலையும், வெங்காயமும், தக்காளியும், சுள்ளென்ற மிளகாயும் எங்கேயும் உண்டு.

நான் பேசுவது குத்தம்பாக்கத்தை மனத்தில் வைத்துக்கொண்டு. பூந்தமல்லி தாண்டி, திருமழிசையை ஒட்டி, பெங்களூர் நெடுஞ்சாலைப் பக்கம் இருக்கிற ஊர். புதுப் பேருந்து நிலையத்தால் இன்று பலருக்கும் பெயர் தெரிந்துவிட்டது. இந்தக் குழம்புக்கு வேண்டிய எல்லாமே இங்கே தெருமுனை மளிகைக் கடையிலும் கறிக்கடையிலும் கிடைக்கும். வெளிநாட்டுச் சாமான் விற்கிற கடைக்குப் போய், பாட்டிலில் அடைத்த சர்க்கரை போட்ட கடலை வெண்ணெயைத் தேட வேண்டாம். தேடவே கூடாது என்று சொல்வேன். அதற்குக் காரணம் கடலையின் கதையில் இருக்கிறது.

வேர்க்கடலையின் தாய்வீடு தென்னமெரிக்கா. 16-ம் நூற்றாண்டில் போர்த்துகீசியர்கள் அதை மேற்கு ஆப்பிரிக்கக் கரைக்குக் கொண்டுவந்தார்கள். அங்கே இருந்த உழவர்களுக்கு மண்ணுக்குள் காய்க்கிற பயறு புதிதல்ல. பம்பாரா நிலக்கடலை என்று ஒரு பயிரை அவர்கள் தொன்றுதொட்டு விளைவித்துவந்தார்கள். அதுவும் பூத்து, மண்ணுக்குள் இறங்கிக் காய்ப்பதுதான். அதை வேகவைக்க, இடிக்க, குழம்பில் கரைக்கத் தெரிந்த கைகளுக்குப் புதுக் கடலை சுலபமாகப் பழகிவிட்டது. எண்ணெய்ச் சத்து மிகுந்த கடலை என்பதால் குழம்பும் கொழுகொழுவென்று வந்தது.

பிறகு 19-ம் நூற்றாண்டில் பிரெஞ்சு வியாபாரிகள் வந்தார்கள். மார்செய் நகரத்து எண்ணெய் ஆலைகளுக்கும் சோப்பு ஆலைகளுக்கும் கடலை வேண்டியிருந்தது. செனகலில் இருந்து கப்பல் கப்பலாகக் கடலை போனது. அதே மார்செய்க்கு நம் தென்னார்க்காட்டுக் கடலையும் புதுச்சேரித் துறைமுகம் வழியாகப் போனது. செனகல் உழவனும் பண்ருட்டிப் பக்கத்து உழவனும் ஒருவரை ஒருவர் பார்த்ததில்லை. இருவருடைய விளைச்சலும் ஒரே ஊர்ச் செக்கில் ஆடியது.

அதோடு முடியவில்லை. திண்டிவனத்தில் இருக்கும் எண்ணெய்வித்து ஆராய்ச்சி நிலையத்தைக் கேள்விப்பட்டிருப்பீர்கள். டி.எம்.வி. என்ற எழுத்துகளோடு வருகிற கடலை ரகங்கள் அங்கே உருவானவை. அந்த வரிசையில் முதல் ரகம் டி.எம்.வி. 1. மேற்கு ஆப்பிரிக்காவிலிருந்து வந்த சாலூம் என்ற கடலையிலிருந்து தேர்ந்தெடுத்துப் பெருக்கிய ரகம் அது. சாலூம் என்பது செனகலில் ஓர் ஆற்றின் பெயர், அந்த ஆறு ஓடுகிற கடலைச் சீமையின் பெயர். அடுத்து வந்த டி.எம்.வி. 2 நம்முடைய குடியாத்தம் கொத்துக்கடலையிலிருந்து தேர்ந்தெடுத்தது. ஒரே நிலையத்தில் சாலூமும் குடியாத்தமும். இதைப் படித்த நாளிலிருந்து இந்தக் குழம்பை அயல்நாட்டுப் பண்டம் என்று என்னால் நினைக்க முடியவில்லை.

குத்தம்பாக்கத்துக்கும் இதில் ஒரு சொல் உண்டு. 1996-ல் இந்த ஊராட்சிக்குத் தலைவராக வந்த இளங்கோ ரங்கசாமி, வேதிப் பொறியியல் படித்தவர். சாதி பார்க்காமல் குடும்பங்கள் சுவரைப் பகிர்ந்து வாழ்கிற இரட்டை வீடுகளை இங்கே கட்டியதற்காக அவரைப் பலருக்குத் தெரியும். அவர் விடாமல் சொல்லிவந்த இன்னொன்று உண்டு. ஊரில் விளைந்ததை மூட்டையோடு விற்றுவிட்டு, அதையே பருப்பாகவும் எண்ணெயாகவும் அதிக விலைக்குத் திரும்ப வாங்குகிறோம், பக்கத்து ஊர்கள் ஒன்று சேர்ந்து அவற்றைத் தாங்களே பக்குவம் செய்து தங்களுக்குள் விற்றுக்கொண்டால் பணம் ஊரிலேயே சுற்றும் என்பார். திருவள்ளூர் மாவட்டத்துக் கடலைக்கு இது அப்படியே பொருந்தும். திருத்தணி, ஊத்துக்கோட்டைப் பக்கம் விளைகிற கடலை நம் வீட்டுக்கு எப்படி வருகிறது? எண்ணெயாக, மிஞ்சினால் சட்னியாக. ஒரு வேளைச் சாப்பாட்டின் நடுநாயகமாக அது வருவதே இல்லை. இந்தக் குழம்பில் வரும்.

சரி, அடுப்புக்குப் போவோம். நாலைந்து பேருக்கான அளவு சொல்கிறேன்.

முதலில் கடலை. 200 கிராம், தோலோடு இருக்கிற பச்சை வேர்க்கடலைப் பருப்பு. தட்டில் பரப்பி ஒவ்வொன்றாகப் பாருங்கள். சுருங்கியது, கருத்தது, பூசணம் பிடித்தது எல்லாவற்றையும் தூர எறியுங்கள். இதில் தயவு பார்க்கவே வேண்டாம். 1960-ல் இங்கிலாந்தில் 1 லட்சத்துக்கும் மேற்பட்ட வான்கோழிகள் திடீரென்று செத்து விழுந்தன. பூசணம் பிடித்த கடலைப் பிண்ணாக்கைத் தின்றதுதான் காரணம் என்று பிறகு கண்டார்கள். அந்தப் பூசணம் விடுகிற நஞ்சுக்கு அஃப்ளடாக்சின் என்று பெயர். வறுத்தாலும் வேகவைத்தாலும் அது முழுதாகப் போகாது. ஈரம் படாமல் காய்ந்த, முழுமையான பருப்புதான் குழம்புக்கு வேண்டும்.

அடி கனத்த வாணலியில், எண்ணெய் விடாமல், சிறு தீயில் வறுங்கள். அவசரப்பட்டால் மேலே கருகும், உள்ளே பச்சையாக நிற்கும். பத்துப் பன்னிரண்டு நிமிடம் கை ஓயாமல் கிளறினால் தோல் வெடிக்கும், வீடெல்லாம் வாசம் பரவும். நன்றாக ஆறவிட்டு, உள்ளங்கையால் தேய்த்து, முறத்தில் புடைத்துவிடுங்கள்.

இனி மிக்ஸி. ஒரு சொட்டுத் தண்ணீர் கூடாது. தண்ணீர் விட்டால் சட்னியாகிவிடும். முதலில் பொடியாகும். நிறுத்தி, ஓரத்தை வழித்துவிட்டு மறுபடி ஓட்டுங்கள். கட்டியாகத் திரளும். மிக்ஸி சூடானால் கொஞ்சம் ஆறவிடுங்கள். மூன்றாவது, நான்காவது ஓட்டத்தில் கடலை தன் எண்ணெயைத் தானே விட்டு, பளபளவென்று ஒழுகுகிற விழுதாகிவிடும். அந்த நிமிடத்துக்காகத்தான் காத்திருக்கச் சொல்கிறேன். குழம்பின் உயிர் அங்கேதான் இருக்கிறது.

அடுத்து கோழி. எலும்போடு 1 கிலோ, பெரிய துண்டுகளாக. பிராய்லர் ஆகும், ஆனால் சீக்கிரம் வெந்து பிய்ந்துவிடும். கானாவில் இந்த சூப்புக்குச் சதை இறுகிய கோழியைத்தான் விரும்புவார்கள். நமக்கு நாட்டுக்கோழி இருக்கிறது. அது கட்டுப்படியாகாதவர்கள் முட்டையிட்டு ஓய்ந்த முட்டைக்கோழியைக் கேட்டு வாங்கலாம். விலையும் குறைவு, குழம்புக்கு அது தருகிற ருசியும் அதிகம். ஆனால் இந்த இரண்டையும் குக்கரில் நாலைந்து விசில் வேகவைத்த பிறகே குழம்புக்கு எடுக்க வேண்டும். வேகவைத்த தண்ணீரைக் கொட்டிவிடாதீர்கள்.

கோழியோடு உப்பு, இரண்டு அங்குல இஞ்சி, ஆறேழு பல் பூண்டு, ஒரு வெங்காயம் நறுக்கிப் போட்டு, தண்ணீர் விடாமல் மூடி வைத்துச் சிறு தீயில் விடுங்கள். கறி தன் நீரை விட்டுத் தானே வேகும். கால் மணி நேரம் கழித்து ஒரு லிட்டருக்குக் கொஞ்சம் மேலே தண்ணீர் ஊற்றுங்கள். குக்கர் தண்ணீர் இருந்தால் அதையும் இதில் சேர்த்துக்கொள்ளலாம். அதில் அரை கிலோ நாட்டுத் தக்காளி, இன்னொரு வெங்காயம், மூன்று நான்கு பச்சை மிளகாய், எல்லாவற்றையும் முழுசு முழுசாகப் போடுங்கள். அவை மெத்தென்று வெந்ததும் கரண்டியால் எடுத்து, ஆறவைத்து அரைத்து, வடிகட்டி மறுபடி பாத்திரத்திலேயே ஊற்றுங்கள். வதக்கி அரைக்கிற நம் பழக்கத்துக்கு இது புதிதாகத் தோன்றும். கறிச்சாற்றிலேயே வெந்த தக்காளிக்கு ஒரு தனி இனிப்பு வருகிறது. ஒருமுறை செய்து பார்த்தால் ஒப்புக்கொள்வீர்கள்.

இன்னொரு சிறு பாத்திரத்தில் கடலை விழுதைப் போட்டு, கொதிக்கிற சாற்றில் இரண்டு மூன்று கரண்டி விட்டுக் கட்டியில்லாமல் கரைத்து, சிறு தீயில் கிளறுங்கள். ஓரத்தில் எண்ணெய் பிரியும்போது அதைக் குழம்பில் ஊற்றுங்கள். இனி அரை மணி நேரம், மெல்லிய தீயில். கடலை அடிப்பிடிக்கும், அதனால் அடியைத் தொட்டுக் கிளறிக்கொண்டே இருக்க வேண்டும். மேலே செம்மஞ்சளாக எண்ணெய் மிதந்து நின்றால் குழம்பு ஆயிற்று. காரம் விரும்புகிறவர்கள் கடைசியில் ஒன்றிரண்டு மிளகாயைக் கீறாமல் முழுசாக மிதக்கவிடலாம். வாசம் இறங்கும், காரம் வேண்டியவர் மட்டும் உடைத்துக்கொள்வார்.

எங்கள் வீட்டில் இதை வைத்தபோது என் மாமியார் கேட்டார். "ஏம்மா, தேங்காய் அரைக்கலையா? மல்லித்தூள்கூடப் போடலையே?" நியாயமான கேள்வி. கை தானாக மசாலா டப்பாவுக்குப் போகும். நேயர்களே, அந்த டப்பாவைத் திறக்காதீர்கள் என்று கெஞ்சிக் கேட்டுக்கொள்கிறேன். பட்டை, கிராம்பு, சோம்பு, கறிமசாலா எதுவும் வேண்டாம். போட்டால் அது நல்ல சால்னாவாக இருக்கலாம், ஆனால் கடலையின் ருசி எங்கோ போய் ஒளிந்துகொள்ளும். இன்னொரு மக்களின் சமையலை நம் அடுப்பில் ஏற்றும்போது, முதல்முறையாவது அவர்கள் வைத்தபடியே வைத்துச் சாப்பிட்டுப் பார்ப்பது அவர்களுக்குச் செய்கிற மரியாதை. ஆவடி, பூந்தமல்லிப் பக்கத்துக் கல்லூரிகளில் ஆப்பிரிக்க நாடுகளிலிருந்து வந்து படிக்கிற பிள்ளைகள் இருக்கிறார்கள். அவர்கள் நம் சாம்பாரைச் சாப்பிடப் பழகிக்கொள்கிறார்கள். அவர்கள் அம்மா வைக்கிற குழம்பின் ருசி நமக்கும் தெரிந்திருக்கட்டுமே.

காய் சேர்ப்பது உங்கள் விருப்பம். செனகல், மாலிப் பக்கம் கேரட், முட்டைக்கோஸ், சர்க்கரைவள்ளி, மரவள்ளி போடுவார்கள். கானாவில் கத்திரிக்காயும் வெண்டைக்காயும் போடுவதுண்டு. புகையில் வாட்டிய மீனையும் சேர்ப்பார்கள். கருவாடு பிடித்தவர்கள் ஒரு கைப்பிடி நெத்திலிக் கருவாட்டை வெந்நீரில் அலசிப் போட்டுப் பார்க்கலாம். அப்போது உப்பைக் குறைத்துக்கொள்ளுங்கள்.

இதோடு சாப்பிட இட்லி, தோசை வேண்டாம். கேழ்வரகுக் களி கிண்டுங்கள். கானாவில் மரவள்ளியையும் வாழைக்காயையும் வேகவைத்து உரலில் இடித்து ஃபூஃபூ என்று உருட்டுகிறார்கள். அதைக் கிள்ளி, சூப்பில் தோய்த்து, மெல்லாமல் விழுங்குவார்கள். களியை விழுங்கத் தெரிந்த நம் பெரியவர்களுக்கு யாரும் இதைக் கற்றுத்தர வேண்டியதில்லை. களி பிடிக்காத பிள்ளைகளுக்கு இன்னொரு வழி இருக்கிறது. கானாவில் ஞாயிற்றுக்கிழமைகளில் அரிசியைக் குழைய வேகவைத்து, மசித்து, உருண்டை பிடித்து, கிண்ணத்தில் வைத்துச் சுற்றிலும் சூப்பை ஊற்றுவார்கள். ஒமோ துவோ என்று பெயர். ரேஷன் பச்சரிசி இதற்கு மிகவும் பொருத்தம். தண்ணீரைக் கூடுதலாக வைத்துக் குழையவிட்டு, மத்தால் கடைந்து, ஈரக்கையால் உருட்டினால் போதும்.

விருந்தாளிகள் வந்தால், கடலை ஒத்துக்கொள்ளாதவர்கள் யாராவது இருக்கிறார்களா என்று முன்கூட்டிக் கேட்டுக்கொள்ளுங்கள். சிலருக்கு அது உயிருக்கே ஆபத்தாகும். கறி சாப்பிடாத வீடுகளில் கோழிக்குப் பதில் பரங்கிக்காயும் சர்க்கரைவள்ளியும் போட்டு, இதே முறையில் வைக்கலாம். அரை மணி நேரக் கொதியை மட்டும் குறைக்க வேண்டாம்.

குழம்பு மிஞ்சினால் மறுநாள் இறுகிப்போயிருக்கும். அப்படியே அடுப்பில் ஏற்றினால் தீய்ந்துவிடும். ஒரு டம்ளர் வெந்நீர் விட்டுத் தளர்த்தி, மெல்லிய தீயில் எண்ணெய் மறுபடி மேலே வரும்வரை கொதிக்கவிட்டுப் பரிமாறுங்கள்.