காவல் நிலையத்தில் நிற்கும் டிராக்டர்

(தாம்பரத்தை அடுத்த சிற்றூர் ஒன்றில் நடந்த உழவர் கூட்டத்தில் உழவியல் விரிவுரையாளர் ஆற்றிய உரை)



உரம், களை, பாசனம் என்று பேச வேண்டிய நான் இன்று நீதிமன்றத்தைப் பற்றிப் பேச வந்திருக்கிறேன். காரணம் உண்டு. அகரம்தென் பக்கத்தில் எனக்குத் தெரிந்த உழவர் ஒருவரின் டிராக்டர் விபத்து வழக்கொன்றில் பிடிபட்டது. "வழக்கு முடிந்தால்தான் வண்டி வரும்" என்று யாரோ சொன்னதை நம்பி அவர் சும்மா இருந்துவிட்டார். நான்கு மாதம் வண்டி வெயிலிலும் மழையிலும் நின்றது. பாட்டரி செத்தது, எலி ஒயரைக் கடித்தது, டயர் வெடிப்பு விட்டது. நவரைப் பட்டத்தில் வாடகை வண்டி கிடைக்கத் தாமதமாகி, நாற்று முற்றிவிட்டது. முற்றிய நாற்று தூர் கட்டாது என்பதை நான் உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை.

சட்டம் என்ன சொல்கிறது?

வழக்கு நடக்கும்போதே, பறிமுதல் செய்த பொருளை உரியவரிடம் தற்காலிகமாக ஒப்படைக்க நீதிமன்றத்திற்கு அதிகாரம் உண்டு. முன்பு குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 451, 457ஆம் பிரிவுகள் இதைக் கூறின. 2024 ஜூலை 1 முதல் நடப்பிலுள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் இவை 497, 503ஆம் பிரிவுகள்.

2002இல் சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில் உச்ச நீதிமன்றம், இத்தகைய பொருள்களை 15 நாள் முதல் ஒரு மாதத்திற்கு மேல் காவல் நிலையத்தில் வைத்திருக்கக் கூடாது என்று கூறியது. புதிய சட்டப்படி, பொருள் நீதிமன்றத்தின் முன் வந்த 14 நாளுக்குள் விவரப் பட்டியல் எழுதிப் படம் எடுக்க வேண்டும். அதன்பின் 30 நாளுக்குள் ஆணை பிறப்பிக்க வேண்டும். நெல், காய்கறி போன்று கெட்டுப்போகும் பொருளை விற்கவும் ஆணையிடலாம்.

மனுச் செய்வது எப்படி?

வழக்கு எந்த நடுவர் நீதிமன்றத்தைச் சேர்ந்ததோ, அங்கே வழக்கறிஞர் மூலம் மனுச் செய்ய வேண்டும். ஆர்.சி. புத்தகம், காப்பீட்டுச் சான்று, ஆதார் ஆகியவற்றின் நகல்கள் தேவை. பழைய டிராக்டர் வாங்கி ஆர்.சி.யில் பெயர் மாற்றாமல் ஓட்டுகிறவர்கள் இங்கேதான் மாட்டிக்கொள்கிறார்கள். ஏட்டில் உள்ள பெயர்தான் முதலில் பேசும். காப்பீடு இல்லாத வண்டி விபத்தில் சிக்கினால், இழப்பீட்டுக்குத் தக்க ஈடு கட்டாமல் மீட்பது அரிது.

பொதுவாக விதிக்கப்படும் நிபந்தனைகள்:

1. குறிப்பிட்ட தொகைக்குப் பிணைப்பத்திரம் எழுதித் தரவேண்டும். ஜாமீன்தாரரும் கையெழுத்திட வேண்டியிருக்கும்.
2. வழக்கு முடியும்வரை விற்கவோ, அடகு வைக்கவோ, பெயர் மாற்றவோ கூடாது.
3. நிறம், இன்ஜின் எண், சேசிஸ் எண் எதையும் மாற்றக் கூடாது.
4. அழைக்கும்போதெல்லாம் வண்டியை நீதிமன்றத்தின் முன் நிறுத்த வேண்டும்.
5. மீண்டும் அத்தகைய குற்றத்திற்குப் பயன்படுத்தக் கூடாது.

அசல் ஆர்.சி.யை ஒப்படைக்கச் சொல்வதும் உண்டு. நிபந்தனையை மீறினால் பிணைத்தொகையைக் கட்ட நேரிடும். உங்களை நம்பிக் கையெழுத்திட்ட பக்கத்து வீட்டுக்காரருக்கும் அதே கதிதான். வண்டி கைக்கு வந்துவிட்டதால் வழக்கு முடிந்துவிட்டதாக எண்ண வேண்டாம். இறுதித் தீர்ப்பு வரும்வரை நீங்கள் அதற்குக் காவலர் மட்டுமே.

மண் ஏற்றும்போது எச்சரிக்கை

மணல், மண் கடத்தல் வழக்கு வேறு வகை. 1957ஆம் ஆண்டுக் கனிமச் சட்டத்தின் 21ஆம் பிரிவில் வண்டியையே அரசுடைமையாக்க இடமுண்டு. 2018 அக்டோபரில் சென்னை உயர்நீதிமன்றத்தின் மதுரைக் கிளை இவ்வழக்குகளில் வண்டியை விடுவிப்பதில் மிகக் கடுமை காட்டியது. ஆகவே ஏரி வண்டல் வேண்டுவோர் வட்டாட்சியரிடம் முறையாக அனுமதி பெறுங்கள். 2024இல் வந்த ஏற்பாட்டின்படி ஏக்கருக்கு நன்செய்க்கு 75 கனமீட்டர், புன்செய்க்கு 90 கனமீட்டர் கட்டணமின்றி எடுக்கலாம். அனுமதிச் சீட்டு ஓட்டுநர் கையிலேயே இருக்கட்டும்.

பருவத்தே பயிர் செய்வது போலவே, பருவத்தே மனுச் செய்வதும் முக்கியம். வண்டி பிடிபட்ட வாரமே வழக்கறிஞரைப் பாருங்கள். வசதி குறைந்தவர்களும் பெண்களும் இலவச சட்ட உதவி மையத்தை அணுகலாம். அந்த உழவர் இறுதியில் மனுச் செய்து வண்டியை மீட்டார். ஆனால் போன நவரையை மீட்க முடியவில்லை.