ஓய்ந்திருக்கும் திரையில் ஒரு சித்திரம்

(எமது மன்றக் கூட்டத்தில் நிகழ்த்தப்பெற்ற சொற்பொழிவு)



கணனிக்குத் திரைக்காப்புச் செய்யும் முறைபற்றிப் பேசுமாறு பணிக்கப்பட்டுள்ளேன். ஸ்கிறீன் சேவர் என்று நாம் வழக்கமாகச் சொல்வதையே திரைக்காப்பு என்கின்றேன். கணனி சில நிமிடம் வேலையின்றிக் கிடந்தால், தானாகவே திரையில் தோன்றும் படம் அது. சிறு பொருள்தானே என்று எண்ணற்க. கடையிலும் அலுவலகத்திலும் கணனி முன் அமரும் எம் இளைஞர்க்கு இதில் ஒரு கடமையும் உண்டு.

முன்னாளிற் கணனித் திரைகள் பெருங் கண்ணாடிக் குழாய்களாயிருந்தன. குழாயின் உட்புறத்திற் பூசிய பொருளில் இலத்திரன்கள் மோதும்போது அது ஒளிர்ந்து எழுத்தாகத் தோன்றும். ஒரே எழுத்து நெடுங்காலம் ஒரே இடத்தில் நின்றால், அவ்விடத்துப் பூச்சு நலிந்து, நீங்காத வடு விழும். இதனைத் தடுக்க ஜோன் சோச்சா என்பவர் ஐ.பி.எம். கணனிக்கென ஒரு சிறு செயல்நிரலை எழுதி, 1983 டிசம்பரில் ஒரு கணனிச் சஞ்சிகையில் வெளியிட்டார். மூன்று நிமிடம் எவரும் விசையைத் தொடாவிடில் அது திரையை இருளச் செய்யும், அவ்வளவே. 1989இல் வந்த 'ஆஃப்டர் டார்க்' என்னும் தொகுப்பிலோ, பாண் வாட்டுங் கருவிகள் சிறகடித்துப் பறந்தன! காப்பாக வந்தது வேடிக்கையாயிற்று.

இன்றுள்ள எல்.சி.டி. திரைகளுக்கு அவ்வடுப்பற்றிய அச்சம் மிகக் குறைவு. ஓலெட் வகைத் திரைக்கு மாத்திரம் இன்னமும் உண்டு. மின்சாரம் மிச்சமாகும் என்பாரும் உளர், அது தவறு. படம் ஓடுமளவும் திரை மின்சாரத்தை உண்டுகொண்டே இருக்கும். மிச்சம் வேண்டுவோர் திரையை அணைத்தலே முறை.

அங்ஙனமாயின் திரைக்காப்பு எதற்கு? கண்ணாடியைக் காப்பதற்கன்று, மனிதரைக் காப்பதற்கு. எம் ஆலயங்களில் மூலத்தானத்தின் முன் திரை இடுகின்றோம். அத்திரை உள்ளே நடப்பதை மறைக்கின்றது. அதன்மேல் எழுதிய சித்திரமோ வெளியே நிற்போர் மனத்தை ஒருமைப்படுத்துகின்றது. நல்ல திரைக்காப்புக்கும் இவ்விரு தொழில்களே உரியன. கடைக்காரர் தேநீர் அருந்த எழுந்து போகின்றார். யார் யார் எவ்வளவு கடன் என்ற கணக்கு வருவோர் போவோர் கண்ணிற் படுகின்றது. வைத்தியசாலை மேசையிலே ஒரு நோயாளியின் விபரம் திறந்தபடி கிடக்கின்றது. பிறர் மானம் அங்கே எம் கையில் இருக்கின்றதன்றோ?

இனிச் செய்முறை. பவர்பொயின்ற் உள்ள வின்டோஸ் கணனியில் இதற்கெனப் புதிதாக எதையும் வாங்க வேண்டியதில்லை. பவர்பொயின்ற்றில் அகலம் 16, உயரம் 9 என்ற அளவில் ஐந்தாறு பக்கங்கள் அமையுங்கள். ஒரு பக்கத்திற்கு ஒரு படமும் ஒரு வசனமும் போதும். பத்தடி தூரத்திலிருந்து வாசிக்கும்படி எழுத்துப் பெரிதாயிருக்கட்டும். அவற்றை ஜேபெக் படங்களாகச் சேமித்து ஒரு கோப்புறையில் இடுங்கள். பாமினி எழுத்தில் அமைத்த வாசகம், அவ்வெழுத்து இல்லாத கணனியில் ஆங்கில எழுத்துக் குப்பையாகத் தோன்றுவதை அறிவீர்கள். படமாக மாற்றிவிட்டால் அவ்விடர் இல்லை.

பின்னர் செற்றிங்ஸில் பேர்சனலைசேஷன், அதனுள் லொக் ஸ்கிறீன், அதனுள் ஸ்கிறீன் சேவர் எனச் சென்று, 'போட்டோஸ்' என்பதைத் தெரிந்து அக்கோப்புறையைக் காட்டுங்கள். எத்தனை நிமிடத்தில் தோன்ற வேண்டும் என்பதையும் குறியுங்கள். பொதுமக்கள் வரும் இடத்திற்கு இரண்டு மூன்று நிமிடமே நன்று. அதன் அருகில், மீண்டும் தொடும்போது நுழைவுத் திரையைக் காட்டு என்ற பொருள்பட ஒரு சிறு கட்டம் உண்டு. அதில் அடையாளமிட மறவாதீர்கள். கணனிக்குக் கடவுச்சொல்லும் இருத்தல் வேண்டும். இவ்விரண்டும் இல்லையேல் நீங்கள் இட்டது பூட்டில்லாக் கதவே. இரண்டும் இருப்பினும், எழுந்து போகும்போது வின்டோஸ் விசையையும் எல் விசையையும் சேர்த்து அழுத்திப் பூட்டிச் செல்லும் பழக்கம் இன்னும் சிறந்தது.

வீட்டுக் கணனிக்குப் பாட்டன் பாட்டியர் படமும், கடைக்குத் திறக்கும் நேரமும் புதுச் சரக்கும், மன்றத்துக்கு ஆண்டு விழாக் காட்சிகளும் பொருந்தும். பிறர் படத்தை அவர் சம்மதமின்றி இடாதீர்கள். சிறுவர் படமாயின் பெற்றோரைக் கேளுங்கள். போன வருடத்து விலை இவ்வருடமும் ஓடுமாயின் கடைக்கு அது பெருமையன்று. மாதம் ஒருமுறை பாருங்கள்.

இறுதியாக ஓர் எச்சரிக்கை. இணையத்தில் 'எஸ்.சி.ஆர்.' என்று முடியும் பெயருடன் ஆயத்தத் திரைக்காப்புகள் இலவசமாகக் கிடைக்கும். அவை வெறும் படங்கள் அல்ல. கணனியில் எதையுஞ் செய்யவல்ல முழுச் செயல்நிரல்கள். அழகிய மீன்தொட்டியை நம்பித் திறப்பவர் கள்வனை உள்ளே விட்டவராதல் கூடும். முன்பின் அறியாதார் அனுப்பியதைத் திறவாதீர்கள். உங்கள் கையாற் செய்த ஐந்து படங்கள் அதனினும் மேலானவை.

இக்கூட்டத்திலுள்ள இளைஞர் ஒவ்வொருவரும் தம் அயலிலுள்ள ஒரு கடைக்கோ வாசிகசாலைக்கோ இப்படி ஒன்றைச் செய்து கொடுத்து, அந்தச் சிறு கட்டத்திலும் அடையாளமிட்டு வருவாராயின், இன்றைய என் பேச்சுப் பயனுடையதாகும்.