சுவர்த் தகராறும் காவல் நிலையமும்
(ஆண்டுப் பொதுக்கூட்டத்தில் பள்ளிவாசல் இமாம் ஆற்றிய உரை)

 

சென்ற ரமளானுக்குச் சில வாரங்களுக்கு முன், சுப்ஹுத் தொழுகை முடிந்து வெளியே வந்தபோது பின்தெருவில் பெரும் கூச்சல். இரு வீடுகளுக்கு இடைப்பட்ட குறுகிய சந்தில் ஒருவர் அஸ்திவாரம் தோண்டுகிறார். மற்றவர் தோண்டிய மண்ணைத் தள்ளி மூடுகிறார். ஒருவர் கையில் கடப்பாரை. இருவருமே முதல் ஸஃப்பில் நிற்பவர்கள்!

வந்த உதவி ஆய்வாளர் கடப்பாரையை வாங்கி வைத்தார், ஆட்களை விலக்கினார். "சந்து யாருக்குச் சொந்தம் என்று சொல்லுங்கள்" என்று இரு தரப்பும் கேட்டபோது, அது தம் வேலையன்று எனக் கூறிவிட்டார். அதற்காக இரு வீட்டாரும் அவர்மீது கோபம் கொண்டனர். அவர் செய்ததே சரி என்பது என் கருத்து.

காவல்துறை அமைதியைக் காக்கக் கடமைப்பட்டது. நிலத்தின் உரிமையைத் தீர்மானிப்பது உரிமையியல் நீதிமன்றம். 2024 ஜூலை 1 முதல், 1973-ஆம் ஆண்டின் குற்றவியல் நடைமுறைச் சட்டத்திற்குப் பதிலாக பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா நடைமுறையில் உள்ளது. கைது செய்யத்தக்க குற்றம் நிகழவிருந்தால் இயன்றவரை அதைத் தடுத்தாக வேண்டும் என்று அதன் 168-ஆம் பிரிவு காவலருக்குக் கடமை விதிக்கிறது. ஆகவே, "இது சிவில் விவகாரம், கோர்ட்டுக்குப் போங்கள்" என்று கூறி, அடிதடி நடக்கும் இடத்திலிருந்து ஒரு காவலர் திரும்பிப் போவதும் தவறு; காவல் நிலையத்தில் ஒரு தரப்பை உட்காரவைத்து, இடத்தை விட்டுக்கொடுத்ததாகக் கையெழுத்து வாங்குவதும் தவறு. இரண்டாவது தவறை அவரிடம் கேட்டுப் பெறுபவர்கள் பெரும்பாலும் நாமேதாம்.

நிலத்தகராறால் அமைதி குலையும் என்று தோன்றினால், காவல்துறை நிர்வாகத்துறை நடுவருக்கு அறிக்கை அனுப்பலாம். 164-ஆம் பிரிவின்படி, அவர் இடம் யார் கைவசம் உள்ளது என்பதை மட்டுமே விசாரிப்பார். யாருக்கு உரியது என்பதை அன்று. பழைய சட்டத்தில் இது 145-ஆம் பிரிவு. நடைபாதை, தண்ணீர் ஆகியவற்றின் பயன்பாட்டு உரிமைத் தகராறுகளுக்கு 166-ஆம் பிரிவு உண்டு.

இங்கே ஒரு நுட்பத்தை நம்மவர்கள் கவனிப்பதில்லை. சனி, ஞாயிறுகளில் நீதிமன்றம் இல்லை என்று பார்த்து, இரவோடிரவாகச் சுவர் எழுப்பும் வழக்கம் பல ஊர்களில் உண்டு. சுவர் எழுந்துவிட்டால் இடம் கைவசமாகிவிடும் என்று எண்ணம். ஆனால் அறிக்கை கிடைப்பதற்கு முந்தைய இரண்டு மாதங்களுக்குள் ஒருவர் பலவந்தமாக வெளியேற்றப்பட்டிருந்தால், இடம் அவர் கையிலேயே இருந்ததாக நடுவர் கருதலாம். மேலும், 1963-ஆம் ஆண்டின் குறித்தவகை நிவாரணச் சட்டத்தின் 6-ஆம் பிரிவின்படி, வெளியேற்றப்பட்டவர் ஆறு மாதங்களுக்குள் வழக்குத் தொடுத்தால், உரிமையை நிரூபிக்காமலேயே இடத்தை மீட்கலாம். அவசரச் சுவருக்குச் செலவிட்ட செங்கல்லும் சிமெண்டும் வீண்!

புகார் கொடுப்பவர்கள் சி.எஸ்.ஆர். ரசீதைக் கேட்டு வாங்குங்கள். அது புகார் பெறப்பட்டதற்குச் சான்று மட்டுமே. அதைக் காட்டி எதிர்த்தரப்பின் வேலையை நிறுத்த இயலாது. நிறுத்த வேண்டுமானால் நீதிமன்றத்தில் தடையுத்தரவு பெற வேண்டும். அதையும் மீறினால், காவல் பாதுகாப்புக் கோரி அதே நீதிமன்றத்தை அணுகலாம். தாக்குதல், மிரட்டல் போன்றவற்றில் கைது செய்யத்தக்க குற்றம் புகாரிலேயே தெரிந்தால், வழக்குப் பதிவு கட்டாயம் என்று உச்ச நீதிமன்ற அரசியல் சாசன அமர்வு 2013-இல் லலிதா குமாரி வழக்கில் தீர்ப்பளித்துள்ளது.

அந்தச் சந்துக்காரர்கள் பிறகு வட்டாட்சியர் அலுவலகத்தில் மனுக் கொடுத்தார்கள். நில அளவர் புலப்படத்துடன் வந்து அளந்து கல் நட்டுப் போனார். ஒருவருக்கு அதில் இன்னும் சம்மதமில்லை. நீதிமன்றம் போயிருக்கிறார், அது அவருடைய உரிமை. இருவரும் இப்போதும் அதே ஸஃப்பில்தான் நிற்கிறார்கள், அல்ஹம்துலில்லாஹ்.

இவ்வாண்டு வீடு கட்டவிருப்போர், அஸ்திவாரத்துக்கு நாள் குறிப்பதற்கு முன்பே அளவு மனுவைக் கொடுத்துவிட வேண்டுகிறேன். மனு எழுதத் தெரியாதவர்கள் இஷாவுக்குப் பின் என்னிடம் வரலாம்.