வீடு யாருக்குச் சொந்தம்?

(இளைஞர்களும் வணிகர்களும் திரளாகக் கலந்துகொண்ட கூட்டத்தில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)





சில மாதங்களுக்கு முன்பு இஷா தொழுகை முடிந்து பள்ளிவாசலிலிருந்து வெளியே வந்தேன். ஒரு சகோதரர் வாசலிலேயே காத்திருந்தார். கையில் ஒரு காகிதக் கட்டு. "ஹஜ்ரத், நீங்க கணக்குப் பார்ப்பீங்களாமே, இதைக் கொஞ்சம் பார்த்துச் சொல்லுங்க" என்றார்.

வீட்டுக் கடன் கணக்கு அது. 20 வருடக் கடன். 10 வருடம் ஒரு மாதம் தவறாமல் கட்டியிருக்கிறார். "பாதிக் காலம் முடிஞ்சிருச்சு ஹஜ்ரத், பாதிக் கடன் அடைஞ்சிருக்கும். மீதியை, கடையில ஒரு பங்கை வித்து மொத்தமா அடைச்சிரலாம்னு போய்க் கேட்டேன். அவங்க சொல்ற தொகையைக் கேட்டுத் தலை சுத்துது. ஏமாத்துறாங்களா?" என்று கேட்டார்.

உட்கார்ந்து வரிவரியாகப் பார்த்தேன். யாரும் அவரை ஏமாற்றவில்லை. கணக்கு சரியாகத்தான் இருந்தது. வாங்கிய கடனில் நூற்றுக்கு எழுபதுக்கும் மேல் அப்படியே நின்றது! "தம்பி, கணக்கில் பிழையில்லை. கையெழுத்துப் போட்ட அன்று நீங்கள் கணக்கைப் பார்க்கவில்லை, அவ்வளவுதான்" என்று சொன்னபோது அவர் முகம் போன போக்கை என்னால் மறக்க முடியவில்லை. அவருக்காகத்தான் இன்று இந்தத் தலைப்பை எடுத்துக்கொண்டேன்.

கடன் வேறு, வட்டி வேறு

சகோதரர்களே! கடன் வாங்குவதே பாவம் என்று நான் சொல்ல வரவில்லை. அண்ணல் நபி (ஸல்) அவர்கள் இவ்வுலகை விட்டுப் பிரியும்போது அவர்களது கவச உடை வாற்கோதுமைக்காக ஒரு யூதரிடம் அடமானத்தில் இருந்தது. ஆனால் அதே நபியவர்கள் கடன் சுமையிலிருந்து இறைவனிடம் பாதுகாப்புத் தேடினார்கள். வட்டியைப் பொறுத்தவரை வாங்குபவர், கொடுப்பவர், எழுதுபவர், சாட்சி நிற்பவர் எல்லோரையும் ஒரே தட்டில் வைத்தார்கள்.

இதெல்லாம் உங்களுக்குத் தெரியும். தெரிந்துகொண்டேதான் நம்மில் பலர் வங்கி வாசலில் நிற்கிறோம். "நிர்ப்பந்தம் ஹஜ்ரத்" என்கிறோம். ஆகவே இன்று ஹராம், ஹலால் என்பதோடு நிறுத்தாமல், காகிதமும் பேனாவும் எடுத்துக்கொண்டு கணக்குப் பேசப் போகிறேன். திருக்குர்ஆனின் மிக நீளமான வசனம் எதைப் பற்றியது தெரியுமா? அல்பகரா அத்தியாயத்தின் 282வது வசனம். கடனை எழுதிக்கொள்வது பற்றியது! கடன் விஷயத்தில் கணக்கைப் பார்ப்பது மார்க்கமே நமக்குக் கற்றுத் தந்த பழக்கம்.

இதோ கணக்கு

30 லட்சம் ரூபாய் கடன். 9 சதவீத வட்டி. 20 வருடம். மாதத் தவணை 26,992 ரூபாய். 240 மாதம் கட்டி முடிக்கும்போது நீங்கள் கொடுத்திருப்பது 64 லட்சத்து 78 ஆயிரம். வாங்கியது 30, வட்டி மட்டும் 34 லட்சத்து 78 ஆயிரம். ஒரு வீட்டுக்குப் பணம் வாங்கி, இரண்டு வீட்டுக்குப் பணம் கட்டுகிறோம்!

முதல் தவணையைப் பிரித்துப் பாருங்கள். 26,992 ரூபாயில் 22,500 வட்டிக்குப் போகிறது. அசலில் கழிவது 4,492 ரூபாய்தான். முதல் வருடம் முழுவதும் 3 லட்சத்து 24 ஆயிரம் கட்டுகிறீர்கள். அசலில் குறைவது 56 ஆயிரம். 10 வருடம் முடிகிறபோது 32 லட்சத்து 39 ஆயிரம் கட்டியிருப்பீர்கள். வாங்கியதைவிட அதிகம்! ஆனால் பாக்கி? 21 லட்சத்து 31 ஆயிரம். பாதி அசல் அடைவதற்கே 14 வருடம் ஆகும்.

ஏன் இப்படி? மாதா மாதம், நிற்கிற அசலுக்கு முதலில் வட்டி எடுக்கப்படும். மிச்சம்தான் அசலுக்கு. தொடக்கத்தில் அசல் பெரிது, ஆகவே வட்டி பெரிது. வாலிபத்தில் கட்டுவதெல்லாம் வட்டி. முடி நரைத்த பிறகுதான் அசல் கரையத் தொடங்குகிறது.

"தவணை அதிகமாக இருக்கிறதா? 30 வருடமாக்கித் தருகிறோம்" என்று சிரித்துக்கொண்டே சொல்வார்கள். தவணை 24,139 ஆகக் குறையும். மாதம் 2,853 ரூபாய் மிச்சம்! ஆனால் மொத்த வட்டி 56 லட்சத்து 90 ஆயிரம் ஆகிவிடும். மாதம் மூவாயிரம்கூட மிச்சமில்லாத ஒரு சலுகைக்காக 22 லட்சம் கூடுதலாகக் கொடுக்கிறோம். அதே கடனை 15 வருடத்தில் அடைத்தால் தவணை 30,428. மொத்த வட்டி 24 லட்சத்து 77 ஆயிரம். மாதம் 3,436 ரூபாய் கூடுதலாகக் கட்ட முடிந்தவருக்கு 10 லட்சம் மிச்சம். சரக்குக் கொள்முதலில் கிலோவுக்கு எட்டணாவுக்காக அரைமணி நேரம் பேரம் பேசுகிற வணிகர்களே, இந்த இடத்தில் ஏன் பேசாமல் கையெழுத்துப் போடுகிறீர்கள்?

மாறும் வட்டி

9 சதவீதம் என்பது 20 வருடமும் 9 ஆகவே நிற்கும் என்று எண்ண வேண்டாம். 2019 அக்டோபர் முதல் வங்கிகள் தரும் புதிய மாறும் வட்டி வீட்டுக் கடன்கள் ரெப்போ போன்ற வெளி அளவுகோலோடு கட்டப்பட்டிருக்கின்றன. 2022 மே மாதம் வரை ரெப்போ 4 சதவீதம். 2023 பிப்ரவரிக்குள் அது 6.5 ஆனது. ஒன்பதே மாதத்தில் இரண்டரை சதவீத ஏற்றம்!

7 சதவீதத்தில் 30 லட்சம் வாங்கியவருக்குத் தவணை 23,259. ஒரு வருடம் கட்டிய பிறகு வட்டி ஒரேயடியாக 9.5 ஆனதாக வைத்துக்கொள்வோம். அந்த மாதத்து வட்டி மட்டும் 23,185. அசலில் கழிவது எவ்வளவு? 74 ரூபாய்! இரண்டு பேர் டீயும் வடையும் சாப்பிடுகிற காசு. அதே தவணையில் விட்டுவைத்தால் கடன் அடைய இன்னும் 60 வருடம். பேரன்தான் கட்ட வேண்டும்.

இந்த நிலை நாடு முழுவதும் பலருக்கு வந்ததால்தான் 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஓர் உத்தரவு போட்டது. வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டுமா, நிலையான வட்டிக்கு மாறுவதா என்று கடனாளிக்குத் தெரிவித்து, தேர்ந்தெடுக்கும் உரிமை தர வேண்டும் என்றது. தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா என்று தேர்ந்தெடுக்கும் உரிமை உங்களுக்கு இருக்கிறது. போய்க் கேளுங்கள். 2025ல் ரெப்போ 6.5லிருந்து 5.25 வரை இறங்கியது. உங்கள் கடனுக்கு இறங்கியதா என்று எத்தனை பேர் பார்த்தீர்கள்? பழைய முறைக் கடனில் இருப்பவர்களுக்குத் தானாக இறங்காது. புதிய முறைக்கு மாற்றித் தரும்படி எழுதிக் கேட்க வேண்டும்.

2020 கொரோனா காலத்தையும் நினைத்துப் பாருங்கள். மார்ச் முதல் ஆகஸ்ட் வரை ஆறு மாதம் தவணை கட்ட வேண்டாம் என்றார்கள். கடைகள் பூட்டிக் கிடந்தன, நிம்மதி என்று நினைத்தோம். தவணைதான் நின்றது, வட்டி நிற்கவில்லை. 9 சதவீதத்தில் 30 லட்சம் புதிதாக வாங்கியிருந்தவர் அந்த ஆறு மாதத்தை ஒத்திப்போட்டு, பழைய தவணையையே தொடர்ந்தால், ஏறத்தாழ 35 தவணைகள் கூடுதலாகக் கட்ட வேண்டி வரும். 9 லட்சத்துக்கு மேல்! 2 கோடி வரையிலான கடன்களுக்கு வட்டிக்கு வட்டியை அரசு திருப்பித் தந்தது உண்மை. இந்தக் கணக்கில் அது இரண்டாயிரத்து ஐநூறு ரூபாய் சொச்சம்.

கஷ்டத்தில் இருக்கும் கடனாளிக்கு வசதி வரும்வரை அவகாசம் கொடுங்கள் என்று இறைவன் சொல்கிறான். அந்த அவகாசத்துக்கும், வட்டி ஓடிக்கொண்டே இருக்கிற இந்த அவகாசத்துக்கும் உள்ள வேறுபாட்டைச் சிந்தித்துப் பாருங்கள்!

பத்திரம் யாரிடம்?

வணிகச் சகோதரர்களுக்கு ஒரு வார்த்தை. விற்பனை இறங்கிய மாதம் உங்களுக்குத் தெரியும், வங்கிக்குத் தெரியாது. 90 நாள் தவணை நின்றால் அது வாராக் கடன். 2002ஆம் ஆண்டின் சர்ஃபாசி சட்டப்படி 60 நாள் நோட்டீஸ் கொடுத்துவிட்டு, சிவில் வழக்குப் போடாமலேயே வங்கி வீட்டைக் கைப்பற்றி ஏலம் விடலாம். அந்த நடவடிக்கையை எதிர்த்து 45 நாட்களுக்குள் கடன் மீட்புத் தீர்ப்பாயத்துக்குப் போகும் உரிமை உங்களுக்கு உண்டு. நோட்டீஸ் வந்தால் அலமாரியில் ஒளித்து வைக்காதீர்கள். அன்றே வழக்கறிஞரிடம் ஓடுங்கள். வியாபாரத்துக்காகக் குடியிருக்கும் வீட்டை அடமானம் வைப்பவர்கள் இரண்டு முறை அல்ல, இருபது முறை யோசியுங்கள். கடை போனால் இன்னொரு கடை போடலாம். வீடு போனால் உம்மாவையும் பிள்ளைகளையும் எங்கே உட்கார வைப்பீர்கள்?

எதிர்க் கேள்விகள்

"வட்டிக்கு வரிச் சலுகை இருக்கிறதே" என்பார்கள். பழைய வரி முறையில் குடியிருக்கும் வீட்டுக்கு வருடம் 2 லட்சம் வரைதான். புதிய முறையில் அதுவும் இல்லை. வரியே வராத சிறு வியாபாரிக்கு இந்தச் சலுகையால் என்ன பயன்?

"வாடகை மிச்சமாகிறதே" என்பார்கள். நியாயமான கேள்வி. அதே மாதிரி வீட்டுக்கு உங்கள் ஊரில் வாடகை 10 ஆயிரம் என்றால், வாடகை வீணாகிறது என்று வருந்தி, மாதம் 22,500 வட்டி கட்டுகிறீர்கள். எது அதிக வீண்? "பணத்தின் மதிப்பு குறைந்துகொண்டே போகிறதே, நிலத்தின் விலை ஏறுகிறதே" என்பார்கள். அதுவும் பல இடங்களில் உண்மைதான். மறுக்கவில்லை. ஆனால் விற்றால்தானே அந்த ஏற்றம் கைக்கு வரும்? குடியிருக்கிற வீட்டை யார் விற்கப் போகிறீர்கள்?

நாமே உருவாக்கிய நிர்ப்பந்தம்

இனிச் சொல்லப் போவது சிலருக்குக் கசக்கும்.

தங்க நிழல் இல்லாதவர் வீடு கட்டுவது தேவை. ஆனால் நம் கடலோர ஊர்களில் பெண்ணுக்குக் கல்யாணம் என்றால் வீடு கொடுக்க வேண்டும் என்ற பழக்கம் இருக்கிறதே, அது யார் விதித்த தேவை? மஹர் கொடுத்து மணமுடிக்க வேண்டிய ஆண், மாமனார் கட்டித்தந்த வீட்டில் குடியேறுகிறான்! தங்கைக்கு வீடு கட்டுவதற்காக இருபத்திரண்டு வயதுப் பையன் வளைகுடாவுக்குப் போகிறான். அவன் சம்பளத்தைக் காட்டிக் கடன். விசா போனால் தவணை நிற்கும். தவணை நின்றால் தங்கையின் வீட்டுக் கதவில் நோட்டீஸ் ஒட்டப்படும். நான் முதலில் சொன்ன சகோதரரும் கட்டியது தனக்கு அல்ல, தங்கைக்குத்தான்.

வட்டியைச் சபிக்கிற நாம், அந்த வட்டிக்கு ஆள் பிடித்துக் கொடுக்கிற வரதட்சணையை வாழ்த்துப் பாடி நடத்திவைக்கிறோம். இளைஞர்களே! "பெண் வீட்டிலிருந்து வீடு வேண்டாம்" என்று நீங்கள் சொல்லும் ஒரு வார்த்தை, ஒரு குடும்பத்தின் 20 வருடத்தை விடுதலை செய்யும்.

என்ன செய்யலாம்?

ஏற்கனவே கடனில் இருப்பவர்கள் கேளுங்கள். விரைந்து வெளியேறுவதே வழி. மாறும் வட்டியில் தனிநபர் வாங்கிய வீட்டுக் கடனை முன்கூட்டியே அடைத்தால் அபராதம் கிடையாது. வருடத்துக்கு ஒரே ஒரு தவணையைக் கூடுதலாகக் கட்டினாலும், 20 வருடக் கடன் பதினாறரை வருடத்தில் முடியும். ஏறத்தாழ 7 லட்சம் மிச்சம். தொடக்க வருடங்களில் கட்டினால்தான் பலன் அதிகம். அப்படிக் கட்டும்போது தவணையைக் குறைக்கச் சொல்லாதீர்கள், காலத்தைக் குறைக்கச் சொல்லுங்கள். கடன் முடிந்தால் 30 நாட்களுக்குள் மூலப் பத்திரத்தைத் திருப்பித் தர வேண்டும். வங்கியால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் உங்களுக்கு இழப்பீடு. 2023 டிசம்பர் முதல் இதுதான் விதி.

இன்னும் வாங்காதவர்கள், மனையை வாங்கிப் போட்டுப் பொறுத்திருங்கள். இரண்டு அறையோடு தொடங்குங்கள். பூச்சு பிறகு, மாடி பிறகு. நம் பாட்டன்மார் அப்படித்தான் கட்டினார்கள்.

நம் நாட்டில் வட்டியில்லா வங்கி இல்லை. 2008ல் ரகுராம் ராஜன் குழு அதைப் பரிந்துரைத்தது; 2017ல் ரிசர்வ் வங்கி அந்த யோசனையை மேற்கொண்டு தொடர்வதில்லை என்று முடிவெடுத்தது. மலேசியாவில் 1983 முதல் இயங்குகிறது. இது நாம் தொடர்ந்து எழுப்ப வேண்டிய அரசியல் கோரிக்கை. ஆனால் பெயர் மாறினால் போதும் என்று நினைக்காதீர்கள். எந்தப் பெயரில் வந்தாலும் "மொத்தம் எவ்வளவு கட்ட வேண்டும்?" என்று கேளுங்கள். "ஹலால் முதலீடு" என்ற பெயரை நம்பி, 2019ல் பெங்களூரில் எத்தனையோ ஏழைகள் சேமிப்பை இழந்ததைப் பார்த்தோம்.

ஜமாஅத் நிர்வாகிகளே! கல்யாண மண்டபத்துக்கும் மினாராவுக்கும் வசூலிக்கத் தெரிந்த நமக்கு, மஹல்லாவில் ஒரு வட்டியில்லாக் கடன் நிதி நடத்தத் தெரியாதா? முழு வீட்டுக்கும் கொடுக்க வேண்டாம். பாதியில் நிற்கிற வீட்டுக்குக் கூரை போட, தவணை தவறப்போகிறவருக்கு மூன்று மாதம் கைகொடுக்க, எழுதி, சாட்சி வைத்து, கணக்கை நோட்டீஸ் பலகையில் ஒட்டி நடத்துங்கள்.

அந்தச் சகோதரர் கடைப் பங்கை விற்கவில்லை. விற்க வேண்டாம் என்று நான்தான் சொன்னேன். அது அவர் சோறு. காரை விற்று அசலில் கட்டினார். இப்போது ஒவ்வொரு பெருநாளுக்கும் முன்பு ஒரு தவணை கூடுதலாகக் கட்டுகிறார். போன வாரம் பார்த்தபோது, "ஹஜ்ரத், மகனுக்குப் பொண்ணு பார்க்கிறோம். வீடு கேக்கமாட்டோம்னு முதல்லயே சொல்லிட்டேன்" என்றார்.

அல்லாஹ் நம் அனைவரையும் கடன் சுமையிலிருந்தும் வட்டியிலிருந்தும் காப்பானாக! ஆமீன்.

வஸ்ஸலாமு அலைக்கும்.