டைல்ஸ் இடுக்கும் தொழிலாளியின் நெஞ்சும்
(அறக்கட்டளையின் மாதாந்திரக் கூட்டத்தில் ஆற்றிய உரை)



ஜமாஅத்துப் பெரியோர்களே, தாய்மார்களே, டைல்ஸ் வேலை பார்க்கும் தம்பிமார்களே!

நோன்புப் பெருநாள் நெருங்கினால் வீட்டுக்கு வீடு வெள்ளையடிப்பும் பழுதுபார்ப்பும் நடக்கும். பாத்ரூமிலும், பள்ளிவாசலில் ஒளுச் செய்யும் இடத்திலும் டைல்ஸ் இடுக்கில் பூசிய சிமெண்ட் கறுத்து, பெயர்ந்து கிடக்கும். பழையதைச் சுரண்டி எடுத்துப் புதிதாக அடைக்க ஆள் கூப்பிடுவோம்.

போன வருடம் என் வீட்டிலும் கூப்பிட்டேன். பக்கத்துத் தெருத் தம்பிதான் வந்தார். சாயங்காலத்துக்குள் முடிக்கச் சொன்னது நான். அவர் கிரைண்டிங் மெஷினைப் போட்டு அறுத்தார். ஹாலுக்குத் தூசி வராமல் கதவைச் சாத்தச் சொன்னதும் நான்தான். வெளியே வந்தபோது புருவம் வரை வெள்ளை. முகத்தில் வெறும் கைக்குட்டை. இருமிக்கொண்டே தண்ணீர் கேட்டார்.

அது சாதாரணத் தூசி அல்ல. சிமெண்டோடு கலந்த மணலிலும் டைல்ஸிலும் சிலிக்கா இருக்கிறது. உலர வைத்து அறுத்தால் அது கண்ணுக்குத் தெரியாத பொடியாகி நுரையீரலின் அடிவரை போய்த் தங்கும். ஆண்டுக்கணக்கில் சேர்ந்தால் சிலிக்கோசிஸ் வரும். அதைக் குணமாக்கும் மருந்து இல்லை. காசநோயும் எளிதில் பற்றும். மத்தியப் பிரதேசத்தின் மந்தசோரில், பிள்ளைகள் எழுதும் பலப்பத்தை மெஷினில் அறுத்த தொழிலாளர்கள் பலர் இந்த நோயால் இளம் வயதிலேயே இறந்தார்கள். 1997ல் சர்வதேசப் புற்றுநோய் ஆய்வு முகமை இந்தத் தூசியைப் புற்றுநோய் உண்டாக்கும் பொருள்களில் சேர்த்தது.

சிலர் ஆசிட் ஊற்றிக் கரைக்கிறார்கள். அதன் புகை நெஞ்சை எரிக்கும். குழாயும் பளிங்குக் கல்லும் கெடும். ஆசிட்டோடு பிளீச்சிங் பவுடர் சேர்ந்தால் குளோரின் வாயு கிளம்பும். மூடிய பாத்ரூமில் அது உயிருக்கே ஆபத்து.

அப்படியானால் எப்படிச் செய்வது?

முதலில், எடுக்கத்தான் வேண்டுமா என்று பாருங்கள். நம் பக்கம் போர் தண்ணீர் பல இடங்களில் உப்பு. இடுக்கில் படிவது வெறும் உப்புக் கறையாகவும் இருக்கும். ஸ்க்ரூ டிரைவரால் கீறிப் பாருங்கள். கெட்டியாக இருந்தால் பிரஷ் போட்டுத் தேய்த்தால் போதும். பொடிப்பொடியாக உதிர்ந்தால் எடுக்க வேண்டும். டைல்ஸைத் தட்டும்போது பொள்ளல் சத்தம் கேட்டால், டைல்ஸையே பெயர்த்து ஒட்ட வேண்டும். இடுக்கை மட்டும் அடைத்துப் பயனில்லை.

எடுப்பதானால், தண்ணீர் தெளித்து ஈரமாக்கி, கையால் சுரண்டும் பிளேடை இடுக்கின் நடுவில் விட்டு மெதுவாக இழுங்கள். டைல்ஸ் ஓரத்தில் படக் கூடாது. ஈரத்தில் கரண்ட் மெஷின் வேண்டாம்; ஷாக் அடிக்கும். இடுக்கின் ஆழத்தில் மூன்றில் இரண்டு பங்காவது எடுத்தால்தான் புதிய பூச்சு பிடிக்கும். பொடியைத் துடைப்பத்தால் கூட்டாமல் ஈரத்துணியால் துடையுங்கள். ஜன்னல் திறந்திருக்கட்டும். என்95 மாஸ்க் போடுங்கள். கைக்குட்டை இந்தத் தூசியைத் தடுக்காது. இடுக்கு நன்றாகக் காய்ந்தபின் அடைத்து, ஒரு நாள் தண்ணீர் படாமல் விடுங்கள்.

தம்பிமார்களே, 1994ல் அமைந்த தமிழ்நாடு கட்டுமானத் தொழிலாளர்கள் நல வாரியத்தில் 18 முதல் 60 வயது வரை பதிவு செய்யலாம். பதியாதவர்கள் இந்த வாரமே பதியுங்கள். இருமல் இரண்டு வாரம் நீடித்தால் அரசு மருத்துவமனைக்குப் போய், “நான் டைல்ஸ் அறுக்கிறவன்” என்று டாக்டரிடம் சொல்லுங்கள். வேலையைச் சொன்னால்தான் நோய் பிடிபடும்.

வீட்டுக்காரர்களுக்கும் ஒரு வார்த்தை. கையால் செய்தால் நேரம் கூடும், கூலியும் கூடும். சென்ற மாதம் அதே தம்பி நம் பள்ளிவாசலில் ஒளுச் செய்யும் இடத்தைக் கையாலேயே சுரண்டி முடித்தார். மூன்று நாள் ஆனது. மூன்று நாள் கூலியும் கொடுத்தோம். அடுத்த முறை ஆள் வரும்போது, “எத்தனை மணிக்கு முடியும்?” என்பதற்கு முன்னால், “தூசி பறக்காமல் எப்படிச் செய்வீர்கள்?” என்று கேளுங்கள்.