சாட்சிக் கூண்டில் தமிழில் பேசலாம்



குடிமக்கள் ஜூரிகளாக அமர்ந்து தீர்ப்புச் சொன்ன காலம் ஒன்று இருந்தது. 1959-ல் பம்பாய் நானாவதி வழக்கில் ஒன்பது ஜூரிகளில் எட்டுப் பேர் குற்றவாளி இல்லை என்றார்கள், நீதிபதி ஏற்கவில்லை. 1974 ஏப்ரலில் அமலுக்கு வந்த குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் ஜூரிக்கு இடமே இல்லை. (இருந்த காலத்திலும் கூலிக்காரனையா அந்த நாற்காலியில் உட்கார வைத்தார்கள்!)

நமக்கு வருவது சாட்சி சம்மன்தான். மைசூர் கோர்ட்டில் கன்னடம் என்று பயந்து ஊருக்கு ஓடினால் பின்னாலேயே வாரண்ட் வரும். போவோம். தமிழில்தான் சொல்வோம் என்று நீதிபதியிடமே கேட்போம். எழுதிய சாட்சியத்தை நமக்குப் படித்துக் காட்ட வேண்டும். கன்னடத்தில் எழுதியிருந்தால் நமக்குப் புரியும் மொழியில் சொல்ல வேண்டும். 2024 ஜூலையில் வந்த புதிய சட்டத்திலும் இது உண்டு. தப்பிருந்தால் அங்கேயே ஆட்சேபிக்கலாம். புரியாமல் "ஹௌது, ஹௌது" என்று தலையாட்டினால், ஒரு மனிதன் ஜெயிலுக்குப் போவதா வீட்டுக்குப் போவதா என்பது அந்தச் சொல்லில் முடிந்துவிடும்.

போலீஸ் விசாரணையில் சாட்சி சொன்னதை எழுதிக்கொண்டு கைநாட்டுக் கேட்டால் வைக்க வேண்டியதில்லை. சாட்சி விசாரணைக்கென்று பெண்களை ஸ்டேஷனுக்கு வரச்சொல்லிக் கட்டாயப்படுத்தவும் கூடாது. வீட்டுக்கு வந்து கேட்கட்டும்.

சாட்சிப் படி கொடுக்க உத்தரவிடக் கோர்ட்டுக்கு அதிகாரம் உண்டு. ஒரு நாள் கூலியை இழந்து வருகிறோம், வெட்கப்படாமல் கேட்போம்.