ஓட்டிப் பார்த்துவிட்டுச் சொல்வோம்

"உன் ப்ராஜெக்ட் தேறாதுப்பா" என்று இங்கே வாங்கிக் கட்டிக்கொண்டவர்களில் நானும் ஒருவன். அமெரிக்காவில் விக்டர் வோக் என்று ஓர் எஞ்சினியர். 1972 மாடல் ப்யூக் ஸ்கைலார்க் காரின் எஞ்சினைக் கழற்றிவிட்டு, நண்பர் சார்லஸ் ரோசனோடு சேர்ந்து சின்ன ரோட்டரி எஞ்சின், மின்மோட்டார் இரண்டையும் பொருத்தினார். வேகம் கூட்டும்போது மோட்டார் கைகொடுக்கும்; பெட்ரோல் செலவும் புகையும் குறையும். 1974-ல் அரசு சோதனையில் கார் நன்றாகவே ஓடியது. ஆனாலும், "இது நடைமுறைக்கு ஒத்துவராது" என்று ஓரங்கட்டிவிட்டார்கள்.

1997-ல் ஜப்பானில் டொயோட்டா ப்ரியஸ் விற்பனைக்கு வந்தது. தன் எண்ணம் தெருவில் ஓடுவதைப் பார்த்துவிட்டுத்தான் வோக் 2005-ல் கண்மூடினார்.

கையெழுத்துப் போடும் நாற்காலியில் இன்று நாம்தானே உட்கார்ந்திருக்கிறோம்? நானே போன வருஷம் ஒரு பையனின் வரைபடத்தைப் பிரிக்காமலே திருப்பியனுப்பினேன். நாளைக்கு அவனைக் கூப்பிடப் போகிறேன்.